டெல்டிக் எஞ்சினுக்குப் பக்கத்தில் ஒரு குரல்

இன்று டவுன்டவுனில் ஒரு ரெக்கார்டு கடையில் விசித்திரமான இசைத்தட்டு ஒன்று கிடைத்தது. பாட்டே கிடையாது. முழுக்க பிரிட்டிஷ் டீசல் ரயில் எஞ்சின்களின் சத்தம்.

அங்கே நீராவி எஞ்சின்களை வீட்டுக்கு அனுப்பிய டெல்டிக்கும் அதில் இருந்தது.

இங்கிலாந்தில் வேலை பார்த்த என் அண்ணாவுக்கு அந்த எஞ்சின் என்றால் உயிர். "அதோட ரீங்காரம் நெஞ்சுக்குள்ள கேக்கும்டா, ஒரு தடவை வந்து பாரு" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். நான் ஒருமுறைகூடப் போகவில்லை. இரண்டு வருஷம் முன்னால் அங்கேயே இறந்துபோனார்.

கடைக்காரர் தட்டைப் போட்டார். இங்கிலாந்தின் யார்க் ஸ்டேஷனில் பதிவு செய்தது. தூரத்து ரீங்காரம் நெருங்கி வந்து கடையையே அதிரவைத்தது.

நடுவே பிளாட்பாரத்தில் ஒரு குரல்: "ரகு, சீக்கிரம் வாடா! வண்டி வந்துடுச்சு!"

அண்ணாவேதான்.

பிரமையோ என்று மறுபடி போடச் சொன்னேன். கடைக்காரர் 'ர' சரியாக வராத தன் பிரெஞ்சு உச்சரிப்பில் கேட்டார்: "யார் இந்த ஹாகு?"

"நான்தான்" என்றேன்.

தட்டை வாங்கி வந்துவிட்டேன். விஷயத்தைக் கேட்ட மனைவி சொன்னாள்: "இதை வீட்டுல போடாதீங்க. 'இதோ வரேன்'னு நீங்க பதில் சொல்லிடுவீங்க."

உங்களில் யார் வீட்டில் ரெக்கார்டு பிளேயர் இருக்கிறது? தனியாகக் கேட்க எனக்குத் தைரியமில்லை.