வெளிக்கிடடி நீலி

லண்டனில் மிச்சம் என்ற பகுதியில் வசிக்கும் அருட்பிரகாசத்தைப் பாட்டுக்காரர் என்று எவரும் அழைத்ததில்லை. பக்கத்துக் குரோய்டனில் அவரை அழைக்கும் பெயர்களை அச்சில் ஏற்ற முடியாது. பிழையான இடத்தில் நிறுத்திய கார்களுக்கு அபராதத் துண்டு ஒட்டுவது அவர் உத்தியோகம். சொந்தம் பந்தம் பாராமல் ஒட்டுவார். தன் மகளின் ஞானத்தகப்பனுக்கே ஒருமுறை ஒட்டிவிட்டு, "கடமை மச்சான்" என்று கைகொடுத்தவர். இப்படிப்பட்டவருக்கு ஊர் புகழ் கொடுக்குமா, கொடுக்காதா என்பதுதான் இந்தச் சரித்திரம்.

ஊருக்கெல்லாம் கார் விதி சொன்ன மனிதரின் சொந்தக் கார் எந்த விதிக்கும் அடங்காதது. நீல நிறம். ஆகவே நீலி. மாரிகாலக் குளிரில் சாவித் துவாரத்தில் திறப்பைத் திருகினால் கிர்–கிர்–கிர் என்று மூன்று முறை இழுக்கும், டொக் என்று ஒரு இருமல் விடும், பிறகு கல்லறை அமைதி. மறுபடி திருகினால் மறுபடியும் அதே. அப்போது அருட்பிரகாசம் இறங்கி, எஞ்சின் மூடியைத் திறந்து, காலில் கிடந்த ஒரு சப்பாத்தைக் கழற்றி உள்ளே ஓர் இடத்தில் அடித்துவிட்டு வந்து திருகினால், நீலிக்கு ஞானம் பிறக்கும்.

சில வருடங்களுக்கு முன், ஒரு தை மாதக் காலை. முதல் நாள்தான் ரேடியோவில் யாரோ ஒரு கறுப்பினக் கிழவர் புளூஸ் பாடக் கேட்டிருந்தார். ஒரு துயரத்தைச் சொல்வது, கடவுள் கவனிக்கவில்லையோ என்று அதையே இன்னொருமுறை சொல்வது, மூன்றாவது வரியில் தானே பதிலும் சொல்லிக்கொள்வது. அருட்பிரகாசத்துக்கு அது உடனே பிடிபட்டது. மனைவி மரியமலரோடு அவர் நடத்தும் உரையாடல்களும் அந்த அமைப்பில்தான் இருந்தன. ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்தபடி, நீலியின் இழுவையையே தாளமாகக் கொண்டு பாடினார்:

"வெளிக்கிடடி நீலி, குளிருக்குள்ள நான் சாகிறன்,
வெளிக்கிடடி நீலி, குளிருக்குள்ள நான் சாகிறன்..."

இங்கே நீண்ட மௌனம். சப்பாத்தடி.

"ஷிப்ட் போனால் போகட்டும், நீ ஒருக்கா இருமினால் காணும்."

அந்த வருடம் தமிழ்ப் பங்குக் கோயிலின் கிறிஸ்மஸ் ஒளிவிழாவில் அதைப் பாடினார். சனம் சிரித்தது, கைதட்டியது, புரியாணி வந்ததும் எழும்பிப் போனது. பாட்டு மட்டும் போகவில்லை.

ஒருவர் பாட்டை இன்னொருவர் எடுத்துப் பாடுவதற்கு இசை உலகில் 'கவர்' என்று கௌரவமான பெயர் இருக்கிறது. முதல் கவரைப் பாடியவன் கிளின்ரன். கலியாண வீடுகளில் பைலா பாடும் அவன் நீலியைப் பெண்ணாக்கி, வேகத்தைக் கூட்டி, மௌனம் வரும் இடத்தில் மண்டபமே "ஓய்!" என்று கத்த ஏற்பாடு செய்தான். இரண்டாவது, பாடகர் குழுத் தலைவி டொலறஸ் அக்கா. "எழுந்திடுவாய் ஆன்மாவே, இருளுக்குள்ளே வாடுகிறேன்" என்று அவர் மாற்றியதும் நற்கருணை நேரத்தில் சனம் கண்ணீர் விட்டது. மௌனத்தை மட்டும் அவர் தொடவில்லை. "அதிலதான் ஆண்டவர் பேசுறார்" என்றார். ஆண்டவரின் இடத்தில் தன் சப்பாத்து இருப்பதை அருட்பிரகாசம் மட்டுமே அறிவார்.

மூன்றாவது, இளங்கோவன். மலேசியாவிலிருந்து படிக்க வந்து, காப்புறுதிக் கம்பனியில் பெரிய சம்பளத்தில் அமர்ந்து, மனைவி வழியில் பங்குச் சனத்துக்குள் நுழைந்தவர். கோயில் மண்டப விழா ஒன்றில் கிட்டாரோடு பாடினார். பாடுவதற்கு முன் விளக்கமும் சொன்னார். இது கப்பல் மாலுமிகள் மூலம் மன்னாருக்கு வந்த பழைய பாட்டு, மௌனம் என்பது துடுப்பு தண்ணீரை விட்டு மேலே எழும் கணம், ஆசிரியர் பெயர் தெரியவில்லை.

"தெரியேல்லையோ? நான் முன் வரிசையில இருக்கிறன்!" என்று எழும்பினார் அருட்பிரகாசம்.

"அண்ணே, கோபப்படாதீங்க லா. நல்ல பாட்டெல்லாம் மக்களோடதுதான்."

"உம்மட கிட்டாரும் மக்களின்ரயோ? குடும், வீட்ட கொண்டுபோறன்."

பின்வரிசையில் கிளின்ரன் சத்தமாகவே சொன்னான்: "துண்டு ஒட்டுற ஆள் பாட்டுக் கட்டுவாரோ? கட்டினாலும் அதுக்கும் ஃபைன் போடுவார்."

அன்றிலிருந்து அருட்பிரகாசத்துக்கு ஒரே ஆசை. மைக்கில், எல்லாரும் கேட்க, அந்தப் பாட்டோடு தன் பெயரை ஒருவர் சொல்ல வேண்டும். அதற்கு ஒரே சாட்சி நீலி. புதுவருடத் திருப்பலி முடிந்ததும் கோயில் வளவில் வாகனங்களை வரிசையாக நிறுத்தி ஆசீர்வதிப்பது அவர்கள் வழக்கம். ஊரே கூடி நிற்கும். அங்கே நீலி வெளிக்கிட மறுத்தால் தாளம் யாருடையது என்று செவிடனுக்கும் விளங்கும். அதுவரை ஒவ்வொரு காலையும் நீலி ஸ்டார்ட் வரவேண்டும் என்று செபமாலை சொன்ன மனிதர், அந்த வாரம் முழுதும் அது வரக்கூடாது என்று நேர்த்தி வைத்தார்.

அன்று பங்குத்தந்தை தீர்த்தச் செம்போடு வந்தபோது ஓடிப்போய் மறித்தார்.

"ஃபாதர், இந்த முறை நீலிக்கு வேண்டாம்."

"ஏன், விசுவாசம் குறைஞ்சிட்டுதோ?"

"இல்லை ஃபாதர், கூடிப்போச்சு. அதுதான் பயமாக் கிடக்கு."

ஆசீர் வேண்டாம் என்று சொன்ன முதல் கிறிஸ்தவனைக் கண்ட அதிர்ச்சியில் குருவானவர் மூடி, கண்ணாடி, நான்கு சில்லு என்று இரட்டிப்பாகத் தெளித்தார். அருட்பிரகாசம் சனத்தைப் பார்த்து, "இப்ப வடிவாக் கேளுங்கோ" என்று சொல்லித் திறப்பைத் திருகினார்.

நீலி முதல் திருகிலேயே பட்டுப்போல் ஸ்டார்ட் வந்தாள்.

நிறுத்தித் திருகினார். இன்னும் இனிமையாக வந்தாள். சனம் கைதட்டியது. "புதுமை! ஆண்டவரின்ர புதுமை!" என்றார் டொலறஸ் அக்கா. மரியமலர் காதோடு சொன்னாள்: "இஞ்சருங்கோ, இறங்கி வாங்கோ. கார் ஓடுது எண்டு அழுற ஒரே ஆள் நீங்கள்தான்."

மண்டபத்தில் பாட்டு வழக்கம்போல் ஆசிரியர் இல்லாமல் ஒலித்தது. அருட்பிரகாசம் மரக்கறி ரோலை வெறித்தபடி இருந்தார். மாலையில் எல்லாருக்கும் முன் வெளிக்கிட்டார், அவமானம் முந்திக்கொண்டு ஓடுமல்லவா. அந்த வளவுக்கு ஒரே வாசல், ஒரு கார் போகும் அகலம். வாசலில் பஸ்ஸுக்கு வழிவிட நின்றார். நீலியும் நின்றாள்.

கிர்–கிர்–கிர். டொக்.

பின்னால் பாடகர் குழுவின் வான், அதற்குப் பின்னால் இளங்கோவனின் பளபளப்பான கார், அதற்கும் பின்னால் பங்கு முழுவதும். ஹோர்ன்கள் கத்தின. பிறகு ஒவ்வொன்றாக அடங்கின.

கிர்–கிர்–கிர். டொக்.

தீர்த்தத்தின் பலன் முடிந்திருந்தது. அருட்பிரகாசம் இறங்கி, மூடியைத் திறந்து, சப்பாத்தைக் கழற்றினார். மௌனம். அடித்தார். ஒற்றைக் காலில் நொண்டி வந்து உட்கார்ந்து திறப்பில் கைவைத்தார். வானுக்குள் இருந்த குழுவுக்கு அந்த மௌனம் எவ்வளவு நீளம் என்பது நரம்பில் ஊறியிருந்தது. தலைவியின் கை தன்பாட்டில் உயர்ந்தது. மூன்றாவது வரியைப் பத்துக் குரல்கள் சரியான இடத்தில் எடுத்தன. நீலியும் அதே இடத்தில் உறுமி எழுந்தாள்.

"ஐயோ யேசுவே," என்றார் டொலறஸ் அக்கா, "இவ்வளவு காலமும் நான் சப்பாத்துக்கே கண்ணை மூடிச் செபிச்சனான்?"

இளங்கோவன் கண்ணாடியை இறக்கினார். "அண்ணே! துடுப்பு இல்ல லா, அது?"

"துடுப்புத்தான்," என்று சப்பாத்தைத் தூக்கிக் காட்டினார் அருட்பிரகாசம். "ஒன்பதாம் சைஸ்."

உயிர்ப்புவிழா ஒன்றுகூடலில் அவர் புது உடுப்போடு முன் வரிசையில் இருந்தார். இளங்கோவன் மைக்கைப் பிடித்து முறைப்படி அறிவித்தார்: "அடுத்த பாட்டு. இசை, நீலி. தாளம், நீலி. மௌனம், அருட்பிரகாசம் அண்ணனோட சப்பாத்து!"

மண்டபம் கூரை அதிரச் சிரித்தது. கிளின்ரன் எழும்பி நின்று கைதட்டினான். அருட்பிரகாசம் முறைக்கப் பார்த்தார், ஆனால் வாய் காதுவரை போய்விட்டது.

"பேர் மைக்கில வந்திட்டுதுதானே," என்றாள் மரியமலர். "இனி உந்தச் சனியனை வித்துத் துலையுங்கோ."

"விக்கிறதோ? உமக்கு விசரே? பாட்டின்ர உரிமை முழுக்க அவளின்ர பேரிலயல்லோ கிடக்கு."