என் கணவர் 'தம்பி' என்று நம்பிய ஜப்பானியப் பாடகி

முதலில் ஒரு திருத்தம்.

அந்த ஜப்பானியப் பாடகி கல்யாணம் கட்டிக்கொண்டு பாட்டை விட்டுவிட்டாள் என்று நம் கொன்வென்ட் பழைய மாணவிகள் குழுவில் எழுதியிருக்கிறீர்கள். தவறு. தொண்டையில் சத்திரசிகிச்சை செய்து, குரலுக்கு ஓய்வு கொடுத்திருந்தாள். இரண்டும் ஒன்றல்ல.

பேரப்பிள்ளைகளுக்குத் துணையாக நான் கார்ட்டூன் பார்க்கிறேன் என்பதும் தவறு. எனக்குப் பேரப்பிள்ளைகள் இல்லை. எனக்காகத்தான் பார்க்கிறேன்.

ஏன் என்று கேட்டவர்களுக்கு இது.

சில்வர் ஜக்குக்குள் போனை நிறுத்தி வைத்தால் சத்தம் எப்படி வரும், தெரியுமா? தகரக் கூரையில் கல்மழை கொட்டுகிற மாதிரி... கடைசிக் காலத்தில் என் கணவர் அப்படித்தான் படம் பார்த்தார்.

அவர் லிந்துலைப் பக்கத்துத் தோட்டமொன்றின் தேயிலைத் தொழிற்சாலையில் டீமேக்கராக இருந்தவர். வாழ்நாள் முழுக்கத் தேயிலை அரைக்கும் மெஷின்களுக்கு நடுவே நின்றவர். ஓய்வு பெற்று ஹட்டனுக்கு வந்தபோது காது பாதி போயிருந்தது. காதில் மாட்டும் கருவி வாங்கிக் கொடுத்தோம். அது மேசை லாச்சிக்குள் பத்திரமாக இருந்தது.

அவர் நோயில் விழுந்த பிறகு, என் தங்கை மகள் அனுஷாதான் போனில் அந்தக் கார்ட்டூன் தொடரைப் போட்டுக் கொடுத்தாள். மலை உச்சியில், பனிமூட்டத்துக்குள் ஒரு சின்ன ரயில் ஸ்டேஷன். அங்கே கொடி காட்டும் ஒரு பொடியன். பேச்சு ஜப்பானிய மொழி, கீழே ஆங்கில எழுத்து.

"இது நம்ம பட்டிப்பொல ஸ்டேஷன் தானே?"

"ஜப்பான், பெரியப்பா."

"அப்ப அங்கயும் ஒரு பட்டிப்பொல இருக்கு."

எழுத்தை அவர் வாசிக்கவே மாட்டார். பொடியனின் குரல் போதும். டி.வி. செய்தி அவருக்குக் கேட்காது, என் பேச்சும் கேட்காது... அந்தக் கனத்த, கரகரத்த குரல் மட்டும் கேட்டது. "தம்பி வந்துட்டானா?" என்று கேட்டுவிட்டுத்தான் காலைத் தேநீரையே வாங்குவார்.

ஒரு நாள் அனுஷா உண்மையைப் போட்டு உடைத்தாள்.

"பெரியப்பா, அது பொடியன் இல்ல. ஒரு அக்காதான் அப்படிப் பேசுறாங்க."

"போடி. எனக்குக் காதுதான் மந்தம். புத்தி மந்தமில்ல."

அவள் விடவில்லை. அந்தப் பெண்ணின் கதையைச் சொன்னாள். ஆரம்பத்தில், கூட்டத்தில் ஒருத்தியாகச் சத்தம் போடுவதற்கு மட்டுமே ஸ்டூடியோவுக்குக் கூப்பிட்டார்களாம். பிறகு பெண்கள் பாட்டுக் குழு ஒன்றில் ஓரமாக நிற்க இடம் கிடைத்ததாம். இந்தப் பொடியனுக்குக் குரல் கொடுத்த பிறகுதான் பெயர் வெளியே தெரிந்து, தனியாக மேடையேறினாளாம்.

அந்த மேடையையும் காட்டினாள். அடுக்கடுக்காகச் சுருக்கு வைத்த பாவாடை. கீழே இருட்டில், ரசிகர்கள் கைகளில் கலர் கலராக வெளிச்சக் குச்சிகள். அவளுடைய சொந்தக் குரல் கூரையைத் தொடும் உச்சக் குரல். மூச்சு எடுத்த இடமே தெரியவில்லை. நமக்குப் பாட்டுச் சொல்லித் தந்த சிஸ்டர் ஒரு குறையாவது கண்டுபிடித்திருப்பார். என்னால் முடியவில்லை.

என் கணவர் காதுக்குப் பின்னால் கையை வைத்துப் பார்த்தார்.

"வாய் மட்டும் அசையுது. சத்தத்தையே காணோம். இவளா நம்ம தம்பி?"

அனுஷா விழுந்து விழுந்து சிரித்தாள். அவர் என் பக்கம் திரும்பினார். நான் படிப்பித்தவள் என்பதால் வீட்டிலும் எனக்கு டீச்சர் என்றுதான் பெயர்.

"நீயும் இப்படித்தான் டீச்சர். ரொம்பக் காலமா."

"என்னங்க?"

"வாய் மட்டும் அசையும். நானும் ஆமா ஆமான்னு சொல்லிக்கிட்டுக் கெடக்கேன்."

எனக்குச் சுருக்கென்றது. அவர் அக்கறையில்லாமல் தலையாட்டுகிறார் என்றே இத்தனை காலமும் நினைத்திருந்தேன். மெல்லிய, உயர்ந்த குரலில் பேசுவதுதான் மரியாதை என்று நமக்குக் கொன்வென்ட்டில் பழக்கினார்கள் அல்லவா? அந்தக் குரலில் எனக்குப் பெருமையும் உண்டு. அவருக்கு எட்டாததும் அதுவேதான்.

மறுநாள் குசினிக் கதவைச் சாத்திக்கொண்டு போனைப் போட்டேன். பொடியன் பேசப் பேச, நானும் பேசிப் பார்த்தேன். குரலைத் தொண்டையிலிருந்து நெஞ்சுக்கு இறக்க வேண்டும். சுலபமில்லை.

கதவு தட்டப்பட்டது.

"பெரியம்மா, உள்ளுக்கு யாரு? ஆம்பள சத்தம் கேக்குது!"

"நான்தான். போய் வேலையைப் பாரு."

பிறகு ஒரு நாள் கட்டில் பக்கத்தில் நின்று, அந்தக் குரலில் கேட்டேன்.

"கஞ்சி குடிக்கிறீங்களா?"

அவர் சட்டென்று நிமிர்ந்தார்.

"நேத்து மாதிரி உப்பில்லாத கஞ்சின்னா வேணாம்."

அவ்வளவுதான். ஆனால் நான் கேட்ட கேள்விக்கு, பல வருடங்களுக்குப் பிறகு வந்த பதில் அது. அந்தக் கடைசி மாதங்களில் நாங்கள் பேசித் தீர்த்தோம். கல்யாணமான புதிதில் கினிகத்தேனையில் பஸ்ஸைத் தவறவிட்டது யாருடைய பிழை என்பது வரைக்கும்.

அவர் காலமான அடுத்த வருடம்தான் அவளுக்குத் தொண்டையில் சத்திரசிகிச்சை என்ற செய்தி வந்தது. பழைய குரல் திரும்புமா என்று வைத்தியர்களே உறுதி சொல்லவில்லையாம். வேறொருத்தி அந்தப் பொடியனுக்குக் குரல் கொடுப்பாள் என்றார்கள். ஞாயிறு பூசையில் அவளுக்காகவும் வேண்டிக்கொண்டேன். நான் நன்றி சொல்வதற்குள் அவள் குரலே இல்லாமல் போய்விட்டால்...?

போன வாரம் அனுஷா செருப்பைக் கூடக் கழற்றாமல் உள்ளே ஓடி வந்தாள்.

"பெரியம்மா! வந்துட்டாங்க!"

கேட்டேன். பொடியனின் பேச்சில் கொஞ்சம் சொரசொரப்பு கூடியிருக்கிறது. ஆனால் அவளேதான், அதே குரல்தான். கட்டிலில் உட்கார்ந்துவிட்டேன். அப்பாடா... அன்று இரண்டு தடவை தேநீர் குடித்தேன்.

முன்பெல்லாம் அந்தப் படத்தின் சத்தம் ரோடு வரைக்கும் போகும். பக்கத்து வீட்டுச் சிங்கள அம்மா, "ஐயோ மஹத்தயா" என்று அவரைப் பார்த்துக் காதைப் பொத்திக்கொண்டு சிரிப்பார். இப்போது சத்தத்தைக் குறைத்து வைத்துத்தான் கேட்கிறேன். என் காதுக்கு ஒரு குறையும் இல்லை.

அவளுக்கு ஒரு நன்றிக் கடிதம் ஆங்கிலத்தில் எழுதி முடித்திருக்கிறேன். ஜப்பானில் பிள்ளைகள் வேலை செய்யும் உங்களில் யாராவது அதை அந்த மொழியில் மாற்றித் தருவீர்களா? முடியும் என்றாலும் முடியாது என்றாலும், குரல் பதிவு வேண்டாம்; உங்கள் மெல்லிய கொன்வென்ட் குரல்கள் இந்தப் போனில் சரியாக விழுவதில்லை. தயவுசெய்து எழுத்தில் பதில் அனுப்புங்கள்.