கள்ளு முட்டியில் விழுந்த கொசு

மின்சாரம் இல்லாத வன்னியில் நான் தொலைக்காட்சி அறிவிப்பாளனாக இருந்தேன். தொண்ணூறுகளின் பிற்பகுதி. எங்கள் ஒளிபரப்பு நிலையம் ஒரு உழவு இயந்திரப் பெட்டி. அதில் ஒரு தொலைக்காட்சி, ஒரு வீடியோ டெக், மண்ணெண்ணெயில் இருமிக்கொண்டு ஓடும் ஜெனரேற்றர். ஊர் ஊராகப் போய்ப் படம் போடுவோம். இடைவேளையில், முன்பே கசெற்றில் பிடித்துவைத்த என் அறிவியல் நிகழ்ச்சி. சனங்கள் அந்த நேரத்தை ஒன்றுக்குப் போவதற்கு ஒதுக்கியிருந்தார்கள். பகலில் ஒரு பத்திரிகையில் செய்தி எழுதினேன். அதையாவது சிலர் வாசித்தார்கள்.

வீட்டுக்கு வீடு மலேரியாவில் நடுங்கிய மாரிகாலத்தில் அதைப் பற்றி ஒரு நிகழ்ச்சி எழுதினேன். தயாரிப்பாளர் இளைப்பாறிய தமிழாசிரியர். மலேரியாவைப் பரப்பும் பூச்சியை நுளம்பு என்று நான் எழுதிய இடமெல்லாம் வெட்டிக் கொசு என்று போட்டார். நுளம்பு என்றால் வெளிநாட்டில் பார்ப்பவர்களுக்கு விளங்காதாம். எங்கள் கசெற் அதுவரை துணுக்காயைத் தாண்டியதில்லை.

எங்களுக்குக் கொசு என்றால் பழுத்த பழத்திலும் கள்ளிலும் மொய்க்கும் பொடிப்பூச்சி. அது ஒருவரையும் கடிப்பதில்லை. ஆனாலும் நான் கமராவைப் பார்த்து, கொசு மொய்க்கும் இடத்தை அண்டாதீர்கள் என்று கம்பீரமாகச் சொன்னேன். கசெற் ஓடிய அன்று முதல்முறையாக யாரும் எழும்பிப் போகவில்லை. வெற்றி என்று நினைத்தேன்.

சில நாளில் உடையார்கட்டில் கள்ளுத் தவறணை நடத்தியவர் சைக்கிளில் கள்ளு நிறைந்த மண் முட்டியைக் கட்டிக்கொண்டு பத்திரிகை அலுவலகத்துக்கு வந்தார்.

"அண்ணை, என்ரை முட்டிக்கை மலேரியா கிடக்காம். ஆர் சொன்னதெண்டு கேட்டால் நீங்களாம்."

அவருடைய தவறணை காலியாகிவிட்டிருந்தது. குடிப்பவர்களின் மனைவிமார் அறிவியலை உடனடியாக ஏற்றுக்கொண்டிருந்தார்கள். பங்குத்தந்தை பல வருடப் பிரசங்கத்தில் சாதிக்காததை நான் ஒரு சொல்லில் சாதித்திருந்தேன். பத்திரிகையில் திருத்தம் போடுகிறேன் என்றேன்.

"என்ரை ஆக்கள் பேப்பர் வாசிக்கிறேல்லை. ரீவியிலை சொன்னனீங்கள், ரீவியிலை குடியுங்கோ."

தயாரிப்பாளர் அறிவியலில் கள்ளா என்று கொதித்தார். கடைசியில், அதைப் பனஞ்சாறு என்று குறிப்பிட வேண்டும் என்ற நிபந்தனையோடு இறங்கி வந்தார். மாலைக் கள் இறங்கும் நேரம், பனைகளுக்குக் கீழே படம் பிடித்தோம். கொசு மிதக்கும் கள்ளைக் குடித்துக்கொண்டு, கொசு அப்பாவி, குற்றவாளி நுளம்பு என்று விளக்கினேன். அந்தக் குற்றவாளிகள் அப்போது என் காலில் வரிசையாக இருந்து குடித்துக்கொண்டிருந்தன. அடிக்கக் கையைத் தூக்கினேன். படம் ஆடுகிறது, அசையாமல் நில்லுங்கோ என்றான் கமராக்காரன். நின்றேன்.

புதிய கசெற் ஓடியது. தவறணைக்கு ஆட்கள் திரும்பினார்கள். பிறகு எனக்குக் குலைப்பன் காய்ச்சல், அதுதான் மலேரியா, வந்தது. கொசுக் கள்ளுக் குடித்த ரீவிக்காரன் படுத்துவிட்டான் என்ற செய்தி, எங்கள் பத்திரிகை ஒருநாளும் போகாத வேகத்தில் ஊரெல்லாம் போனது. தவறணை மறுபடி காலி.

தவறணைக்காரர் என் வீட்டு வாசலில் சைக்கிளோடு நின்றார்.

"எழும்புங்கோ அண்ணை."

"காய்ச்சல்."

"காய்ச்சலோடைதான் வரவேணும். சனம் உங்கடை வாயாலை கேக்கட்டும்."

போர்வையால் சுற்றி என்னைக் கரியரில் ஏற்றிப் போய், தவறணை முன்னால் ஒரு கதிரையில் இருத்தினார். வந்தவர்களுக்கெல்லாம் பல்லுக் கிட்டி நடுங்க, இது நுளம்பால் வந்தது என்று சொன்னேன். சிலர் நம்பி உள்ளே போனார்கள். தவறணைக்காரரின் முகம் தெளியத் தொடங்கியது. மெதுவாகக் குடிக்கும் ஒருவர் மட்டும் பனையோலையில் கோலிய கள்ளுப் பிளாவோடு வெளியே வந்து என்னைச் சுற்றிப் பார்த்தார்.

"சரி, நுளம்பெண்டே வைப்பம். அது கடிக்கேக்கை நீங்கள் என்ன செய்துகொண்டிருந்தனீங்கள்?"

பத்திரிகைக்காரன் கேள்வி கேட்டே பழகியவன்; தன்னைக் கேட்டால் உள்ளதைச் சொல்லிவிடுவான்.

"கள்ளுக் குடிச்சுக்கொண்டிருந்தனான்."

அவர் பிளாவைக் கீழே வைத்துவிட்டுத் தன் சைக்கிளை எடுத்தார். அவருக்குப் பின்னால் இன்னும் இருவர்.

தவறணைக்காரர் என் போர்வையை இழுத்துச் சரிசெய்தார்.

"சொன்னது காணும் அண்ணை. வாங்கோ, வீட்டை கொண்டுபோய் விடுறன்."