அழைப்பில்லாத விருந்து

முதல் நாள் மத்தியானச் சாப்பாடு முடிந்து பிளேட்டுகள் குசினிக்குத் திரும்பியபோதே எனக்குச் சந்தேகம் தட்டிவிட்டது. நான்கு துரைகளுக்கும் ஒரே சாப்பாடுதான் போயிருந்தது. பன்றிக்கறி, உருளைக்கிழங்கு, முட்டைக்கோஸ். மூன்று பிளேட்டுகள் வழித்துத் துடைத்த மாதிரி வந்தன. நான்காவதில் கறித்துண்டு அப்படியே கோஸ் இலைக்கு அடியில் கிடந்தது. பிடிக்காதவன் ஓரத்தில் ஒதுக்கி வைப்பான். இவன் மூடி வைத்திருக்கிறான் என்றால் விஷயம் வேறு.

ஹோட்டல் வேலைக்குப் படிக்கிற பிள்ளைகள் இப்போது என்னிடம் வந்து, பட்லருக்கு என்ன தகுதி வேண்டும் என்று கேட்கிறார்கள். சந்தேகம் வேண்டும் என்றுதான் சொல்கிறேன். பாலைச் சந்தேகப்படு. முட்டையைத் தண்ணீரில் போட்டுப் பார். இன்றைக்கு அறுத்த ஆடு என்று கடைக்காரன் சத்தியம் செய்தால், அவன் முகத்தைப் பார்க்காதே, கறியைப் பார். கொடைக்கானல் பஜாரில் எனக்குப் பெயரே ‘சந்தேக ராவுத்தர்’தான். நேரில் சொன்னால் எனக்குக் கோபம் வரும். பொய் என்று சொல்ல முடியாது.

அறுபதுகளின் தொடக்கம் அது. மன்னவனூர்ப் பக்கம் மலையைக் குடைந்து தண்ணீர் கொண்டுபோகலாமா என்று பாறையில் துளை போட்டுப் பார்க்க யுகோஸ்லாவியாவிலிருந்து ஒரு கோஷ்டி வந்திருந்தது. ஏரிக்கு மேலே அவர்களுக்கு ஒரு பங்களா பிடித்துக் கொடுத்தார்கள். அதில் நான் பட்லர். எனக்கு உதவி மாரியம்மா, வடகவுஞ்சிக்காரி. பன்றிக்கறி அவள் கை வேலை. அதன் சட்டி, கத்தி எல்லாம் தனி. நான் அந்தப் பக்கமே போகமாட்டேன்.

கோஷ்டியின் தலைவரை எல்லாரும் சீஃப் என்பார்கள். இங்கிலீஷ் நன்றாகப் பேசுவார். முதல் நாளே என்னைக் கூப்பிட்டு நிறுத்திச் சொன்னார்: “இங்கே எல்லாரும் யுகோஸ்லாவியர். ஒரே கிச்சன், ஒரே மெனு. யாராவது தனியாக எதையாவது கேட்டால் என்னிடம் வந்து சொல்ல வேண்டும்.”

“சரிங்க சார்” என்றேன். சாப்பாட்டு மெனுவுக்கு எதற்கு இவ்வளவு கட்டுக்காவல் என்று அப்போதே மனதுக்குள் ஒரு முள் விழுந்தது.

வெள்ளைக்கார முஸ்லிம்

கறியை மூடி வைத்தவன் பெயர் ஹாசன். துளை போடும் மெஷினுக்கு மெக்கானிக். மறுநாள் வெள்ளனே குசினிக்குள் வந்து, தெரிந்த நாலு இங்கிலீஷ் வார்த்தையில், தான் முஸ்லிம், பன்றி ஆகாது என்றான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நீலக்கண், செம்பட்டை முடி, ஆறடி உயரம். கறிக்கடைக் காதர் மச்சானிடம் சொன்னேன்.

“அட போங்க மச்சான்! நம்ம ஆளுன்னு சொன்னா நல்ல தொடக்கறியா போடுவீகன்னு எவனோ சொல்லிக் குடுத்துருக்கான். குர்ஆன்ல ஒரு சூரா ஓதச் சொல்லிப் பாருங்க, சாயம் வெளுத்துரும்” என்றார் காதர்.

அதையும் செய்தேன். உருளைக்கிழங்குக் கூடை பக்கத்தில் நின்றபடி ஹாசன் கண்ணை மூடி அல்ஹம்து சூராவை ஓதினான். ராகம் வேறு. ஒரு எழுத்து தப்பவில்லை. எனக்கு மயிர்க்கூச்செடுத்துவிட்டது. அப்படியும் வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்கு வருகிறானா என்று திரும்பித் திரும்பிப் பார்த்தேன். மெஷின் சாமான் வாங்கப் பஜாருக்குப் போவதாகச் சீஃபிடம் சொல்லிவிட்டு வந்து, கடைசி வரிசையில் நின்றிருந்தான்.

போகப் போக அவனுக்கு இங்கிலீஷ் தேறியது, அவன் சொல்லித்தான் மற்றது தெரிந்தது. நான்கு பேருமே யுகோஸ்லாவியாவில் செர்பியா என்ற மாகாணத்திலிருந்து வந்தவர்கள். சீஃபும், டிரில் மேஸ்திரி மிலோவானும் செர்பியர்கள். தெற்கே மலைப்பக்கம் ஹாசனின் ஊர். பள்ளிவாசல்கள் உண்டு. பேச்சு செர்பியர்களின் பேச்சேதான், மார்க்கம் மட்டும் வேறு. நான்காவது ஆள் இஷ்த்வான். வடக்கே சமவெளிக்காரன். தாய்மொழி ஹங்கேரியன். ஏரியைச் சுற்றி நடக்கப் போவதாகச் சீஃபிடம் சொல்லிவிட்டு, ஞாயிறு தவறாமல் கோவில் பூசைக்குப் போவான், வெள்ளிக்கிழமை கறி தொடமாட்டான். மிலோவானும் கிறிஸ்தவன்தான், ஆனால் ஆர்த்தடாக்ஸ் சபைக்காரன், இஷ்த்வான் போகும் கத்தோலிக்கக் கோவில் அவனுக்குச் சேராது.

“ஒரே ஊர்க்காரனுக்கு எதுக்கு இத்தனை பிரிவு?” என்றேன்.

மாரியம்மா அம்மியிலிருந்து தலையைத் தூக்கவில்லை. “ஏண்ணே, நம்ம பஜாருல மட்டும் என்ன, ஒரே பிரிவாவா கெடக்கு?”

குசினித் தந்திரம்

மேஜையில் எல்லாப் பிளேட்டும் ஒரே மாதிரி இருக்க வேண்டும், ஆனால் யார் வயிற்றிலும் ஆகாதது போகக் கூடாது. ஆட்டுக்கறியைப் பன்றிக்கறித் துண்டு வடிவில் வெட்டினேன். வெள்ளிக்கிழமைகளில் இஷ்த்வானுக்கு உருளைக்கிழங்கைப் பிசைந்து, ரஸ்க் தூளில் புரட்டி, கறி கட்லெட் போலவே பொரித்துக் கொடுத்தேன். சீஃப் ஒரு தடவைகூடக் கண்டுபிடிக்கவில்லை. சொல்லக் கூடாதுதான், இருந்தாலும் என் கை வேலையில் எனக்கு ஒரு திமிர் உண்டு.

ஆனால் அந்த வீட்டில் காற்று சரியில்லை. மூன்று பேர் பேசிச் சிரித்துக்கொண்டிருப்பார்கள், சீஃப் உள்ளே வந்தால் பேச்சு மாறும். இஷ்த்வான் டிரில் கம்பிகளைத் தன் மொழியில் எண்ணுவான். எண்ணுவது எவனுக்கும் தாய்மொழியில்தானே வரும்? அதற்கும் சீஃப், “எங்களுக்குப் புரிகிற மாதிரி எண்ணு” என்று முகத்தைச் சுளித்தார். ஹாசன் தொழுகைக்குக் கதவைச் சாத்தினால் என்னைக் கேட்பார்.

“உள்ளே என்ன செய்கிறான்?”

“தூங்குறாருங்க சார்.”

“தினமும் அதே நேரத்திலா?”

“மலைக்குளிருங்க சார், அசத்திருது.”

நவம்பர் கடைசியில் மிலோவானும் கோளாறு பண்ண ஆரம்பித்தான். மலை மாதிரி ஆள், தின்னுகிற ஆள். திடீரென்று கறி வேண்டாம், முட்டை வேண்டாம், பால் இல்லாத காப்பி. எவனாவது விஷம் வைத்துவிடுவான் என்று பயப்படுகிறானோ என்று எனக்கு ஓடியது. பயப்படுகிறவன் ரொட்டியையும் அல்லவா விட வேண்டும்?

வருகிறவர்கள் வருவார்கள்

டிசம்பர் நடுவில் ஒரு காலை. புல்லெல்லாம் உறைபனி. மிலோவான் குசினிக்குள் வந்து கதவைத் தள்ளிச் சாத்தினான். கோதுமையை முழுசாக அவித்துச் சர்க்கரையும் வால்நட் பருப்பும் கலக்க வேண்டும். முட்டையும் பாலும் சேராத ஒரு பெரிய ரொட்டி. எண்ணெயில் பீன்ஸ், கொஞ்சம் மீன். பெரிய மெழுகுவத்தி ஒன்று. பத்தொன்பதாம் தேதிக்கு இதெல்லாம் தயாராக இருக்க வேண்டும், நல்ல வேளையாக அன்றைக்குச் சீஃப் மதுரைக்குப் போகிறார்.

“எத்தனை பேருக்குங்க?”

“தெரியாது.”

“யாரையெல்லாம் கூப்பிட்டிருக்கீங்க?”

“யாரையும் கூப்பிடக் கூடாது.”

“கூப்பிடாம எப்படிங்க வருவாங்க?”

“வருகிறவர்கள் வருவார்கள்.”

எனக்குத் தலை கிறுகிறுத்தது. வெளியூர்க்காரன், கூட்டம் கூட்டுகிறான், ஆனால் யாரென்று சொல்லமாட்டான். மாரியம்மா என்னைவிட ஒரு படி மேலே போனாள்.

“அண்ணே, எனக்கென்னமோ இது செய்வினைச் சோலியாத் தெரியுது. தலைவரு இல்லாத நாளாப் பாத்து வத்தியக் கொளுத்திக் கோதுமைய அவிக்கிறதுன்னா என்ன அர்த்தம்? வெரசா அவருகிட்டச் சொல்லிப்புடுங்க. நாளைக்கு நம்ம தலையில விடியும்.”

ஹாசனைப் பிடித்துக் கேட்டேன். அவனும் கதவைச் சாத்திவிட்டுத்தான் சொன்னான். செர்பியக் குடும்பம் ஒவ்வொன்றுக்கும் ஒரு புனிதர் உண்டாம், குலதெய்வம் மாதிரி. அவருடைய நாள் அப்பனிடமிருந்து மகனுக்கு வரும். அன்றைக்கு யாரையும் அழைக்கமாட்டார்கள். கதவைத் திறந்து வைப்பார்கள். தெரிந்தவன் வருவான். முதலில் ஒரு ஸ்பூன் கோதுமை, பிறகுதான் மற்றது. இது அவர்களுக்குக் கிறிஸ்துமஸுக்கு முந்தின நோன்புக் காலம், அதனால்தான் மிலோவானுக்குக் கறி, முட்டை, பால் எதுவும் ஆகாதாம். வீட்டுக்காரன் நாள் முழுக்க உட்காரக் கூடாது, நின்றே பரிமாற வேண்டும்.

“என் அப்பா பக்கத்து வீட்டுச் செர்பியனிடம் ஒவ்வொரு வருஷமும் போவார். ஒயின் தொடமாட்டார். கோதுமை சாப்பிடுவார். நோன்புப் பெருநாளுக்கு அவர்கள் எங்கள் வீட்டுக்கு வருவார்கள்” என்றான்.

“பெறகு எதுக்கு இந்த ஒளிவு மறைவு?”

அவர்கள் ஊரில் சாமி பூதம் ஆகாத கம்யூனிஸ்ட் கட்சி அரசாங்கம். சீஃப் கட்சிக்காரர். வெளிநாட்டு வேலைக்கு அனுப்பப்பட்டவன் சாமி காரியம் செய்தான் என்று மேலே தெரிந்தால் திருப்பி அழைத்துவிடுவார்கள், அதோடு அவன் வேலைக்கு முற்றுப்புள்ளி. மிலோவானின் அப்பனும் அண்ணன்மாரும் யுத்தத்தில் போய்விட்டார்கள். அந்த வீட்டு விளக்கை ஏற்ற மிச்சமிருப்பவன் இவன் ஒருவன். பயந்துகொண்டு சில வருஷம் ஏற்றாமலே விட்டுவிட்டான். போன வருஷம் அம்மா சாகும்போது அதைச் சொல்லி அழுதிருக்கிறாள்.

சீஃபின் உத்தரவு எனக்கு ஞாபகம் இல்லாமல் இல்லை. சொல்லாவிட்டால் என் வேலை போகும், சொன்னால் அவன் வேலை போகும். நான் சொல்லவில்லை. தர்காவில் ஊருக்கே போடுகிற கந்தூரிச் சோற்றுக்கு யாரும் வெற்றிலை பாக்கு வைத்து அழைப்பதில்லை. அந்தச் சோற்றைத் தின்று வளர்ந்தவன் எப்படிப் போய்க் காட்டிக்கொடுப்பது? சம்பா கோதுமை வாங்கிக் குத்தி அவித்தேன். அவன் கேட்ட பருப்பு பஜாரில் இல்லை, முந்திரி போட்டேன். மெழுகுவத்தியைக் கோவில் பக்கத்துக் கடையிலிருந்து மாரியம்மா முந்தானைக்குள் வைத்துக் கொண்டுவந்தாள்.

அன்று மத்தியானம்

மிலோவான் கோட்டுப் போட்டு, தலையை வாரி, மேஜைப் பக்கத்தில் நின்றான். வாசல் கதவு திறந்தே கிடந்தது. மஞ்சு புகை மாதிரி உள்ளே வந்துகொண்டிருந்தது. ரொம்ப நேரம் யாரும் வரவில்லை. அந்த மனுஷன் நின்றுகொண்டே இருந்தான், நான் பீன்ஸை இரண்டாம் தடவை சூடாக்கினேன்.

முதலில் ஹாசன் வந்தான். ஒரு ஸ்பூன் கோதுமை எடுத்துச் சாப்பிட்டு, ஸ்பூனைத் தண்ணீர் தம்ளரில் போட்டான். மிலோவான் அவனைக் கட்டிக்கொண்டு கன்னத்துக்குக் கன்னம் மூன்று முறை முத்தமிட்டான். பிறகு இஷ்த்வான் வந்தான். மிலோவான் என்னையும் மாரியம்மாவையும்கூட விடவில்லை. “வாசலுக்குள் வந்தவர்கள் விருந்தாளி” என்று கோதுமையை நீட்டினான். செய்வினை என்று பயந்தவள் இரண்டாம் தடவையும் கை நீட்டினாள்.

அப்போது ஜீப் சத்தம். பெருமாள்மலைக்குக் கீழே மரம் விழுந்து ரோடு அடைத்து, சீஃப் மதுரை போகாமல் திரும்பிவிட்டார்!

வாசலில் நின்று மெழுகுவத்தியைப் பார்த்தார். மிலோவானைப் பார்த்தார். மாரியம்மாவுக்கு என்ன தோன்றியதோ, கோதுமைக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அவர் முன்னால் போய் நின்றாள். “சாப்புடுங்க சாமி, நல்லாத்தேன் இருக்கு.”

சீஃப் ஒரு ஸ்பூன் எடுத்துச் சாப்பிட்டார். சிலுவைக் குறி போடப் போகிற மாதிரி அவர் வலது கை தானாக நெற்றிக்குப் போனது. அங்கேயே நின்று, தொப்பியைச் சரிசெய்துகொண்டு கீழே இறங்கிவிட்டது. மிலோவான் அவரையும் கட்டிப் பிடித்தான். அவர் உட்காராமல் தன் அறைக்குப் போய்விட்டார். அப்பாடா, தப்பித்தோம் என்றுதான் நினைத்தோம்.

யார் சொன்னது?

ஜனவரியில் உத்தரவு வந்தது. மிலோவான் உடனே ஊர் திரும்ப வேண்டும். காரணம் எல்லாருக்கும் தெரிந்ததுதான்.

அதன் பிறகு அந்த வீட்டில் பேச்சே அற்றுப்போனது. இஷ்த்வான் ஹாசனைப் பார்க்கும் பார்வை மாறியது. ஹாசன் இஷ்த்வானைப் பார்க்கும் பார்வையும் மாறியது. நான் காப்பி கொண்டுபோனால் இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். கிளம்புகிற அன்று மிலோவான் ஒவ்வொருத்தராகக் கட்டிப் பிடித்து விடைபெற்றான். ஜீப்பில் ஏறும்போது குழந்தை மாதிரி அழுதான்.

மறுநாள் சீஃப் என்னைக் கூப்பிட்டார். “சொன்னது ஹாசன்தான். அந்த ஆட்கள் எங்களோடு இருப்பார்கள், எங்களவர்களாக இருக்கமாட்டார்கள். அவனையும் மாற்றச் சொல்லப் போகிறேன். கதவைச் சாத்திக்கொண்டு என்ன செய்தான் என்று நீ சொன்னால் போதும்.”

எனக்கு உச்சிக்கு ஏறிவிட்டது. எதிரே நிற்கிறவனும் முஸ்லிம் என்றுகூட நினைவில்லாமல் பேசுகிறார்.

“சார், அன்னைக்குக் கோதுமை சாப்பிட்டது அஞ்சு பேருங்க. அதுல நீங்களும் ஒருத்தரு. அஞ்சு பேரையும் கேக்கிறதுன்னா கேளுங்க, ஒருத்தரை மட்டும் கேக்காதீங்க.”

அவர் முகம் வெளுத்துவிட்டது. அவர்தான் சொன்னாரா? எனக்குத் தெரியாது. தின்றவர் பயந்திருப்பார், இன்னொருத்தன் தன்னைச் சொல்வதற்கு முன்னால் தான் முந்திக்கொண்டிருப்பார் என்று ஒரு சந்தேகம், அவ்வளவுதான். அன்று சாயங்காலமே எனக்குக் கணக்குத் தீர்த்து அனுப்பிவிட்டார். ஆனால் ஹாசனை மாற்றவில்லை.

“வாய வச்சுக்கிட்டுச் சும்மா கெடந்திருக்கலாம்ல மச்சான்?” என்றார் காதர். கிடந்திருக்கலாம்தான்.

ஜும்ஆ முடிந்து ஒருநாள் ஹாசன் கறிக்கடைப் பெஞ்சில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். இளைத்துப்போயிருந்தான். இப்போது தன் அறையிலேயே தனியாகச் சாப்பிடுவதாகச் சொன்னான். பிறகு, “மிலோவானும் என்னைத்தான் நினைத்திருப்பானா?” என்று கேட்டான்.

“சேச்சே! போறப்ப எல்லாருக்கும் முன்னாடி உன்னைக் கட்டிப்பிடிச்சு மூணு தடவை முத்தம் குடுத்தானே, பாக்கலியா?”

“அது எங்கள் ஊர் வழக்கம்” என்றான் ஹாசன். “சீஃபுக்கும் மூன்று தடவைதான் கொடுத்தான்.”

டீக்கடைப் பையனைக் கூப்பிட்டு அவனுக்கு ஒரு டீ சொன்னேன். பிள்ளைகளே, பாலைச் சந்தேகப்படுங்கள், கறியைச் சந்தேகப்படுங்கள், அது தொழில். ஆனால் ஒரு வீட்டில் எல்லாரும் சேர்ந்து, எண்ணிக்கையில் குறைந்த ஒருவனைக் கை காட்டினால், அந்தக் கையோடு உங்கள் கையைச் சேர்க்காதீர்கள். அவன் வேலை தப்பலாம். தன்னைக் கட்டிப்பிடித்தவனை நம்புகிற மனசு அவனுக்குத் திரும்பி வருவதில்லை.