பவாரினியின் நடைகள்

எட்டோரே பவாரினி ரோமில் நடித்துப் பிழைத்தவர். கதாநாயகனாக ஒருநாளும் வந்ததில்லை. பாதிரியார், பொலிஸ்காரர், கள்ளன், கல்யாணப் பெண்ணின் தகப்பன், துவக்குச் சூடுபட்டுக் குதிரையிலிருந்து விழுகிறவன் என்று அழைத்த வேடத்துக்கெல்லாம் போனார். காலையில் ஒரு படத்தில் நீதிபதி, பின்னேரம் இன்னொரு படத்தில் கொலைகாரன். மனைவி இந்த ஓல்டன் ஊர்க்காரி என்பதால் வயதான காலத்தில் இங்கே குடிவந்தார்கள். மனைவி இறந்தபின் அவருக்கு இடுப்பெலும்பு முறிந்தது. அப்படித்தான் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்துக்கு வந்து சேர்ந்தார்.

எலும்பு நன்றாகப் பொருந்திவிட்டது. மனிதர்தான் நடக்கவில்லை. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, தரையைக் கிணற்றுக்குள் பார்ப்பதுபோலப் பார்ப்பார்.

"அன்ரி, காலிலை ஒரு பிழையும் இல்லை. பயம்தான்," என்று என்னிடம் சொன்னான் உடற்பயிற்சி சிகிச்சை தரும் சிந்துஜன்.

அந்த நேரத்தில்தான் சரணியா என்னைத் தொலைபேசியில் அழைத்தாள். இங்கே பிறந்த எங்கள் தமிழ்ப் பிள்ளை, படம் எடுக்கிறவள். லுசேர்ண் ஏரிக்கரையில் நடந்துபோகும் ஒரு கிழவர் பாத்திரத்துக்கு, நான் முன்பு சொல்லியிருந்த பவாரினியைக் கேட்டாள். அடுத்த கிழமை நேரில் வந்து பார்ப்பாள். அவரால் நடக்க முடியாவிட்டால் சூக் நகரில் இன்னொரு நடிகர் இருக்கிறார்.

"எனக்கு இந்த வேடம் வேணும், சிஞ்ஞோரா," என்றார் பவாரினி. சிஞ்ஞோரா என்ற இத்தாலிய 'அம்மா'வைத் தவிர நாங்கள் பேசியது அரைகுறை ஜெர்மனில். தமிழில் எழுதினால் இப்படித்தான் வரும். "கட்டிலிலை கிடந்து சாகிற வேடம் நிறையச் செய்திட்டன். இனி அது பழகாமலே வரும்."

ஒருவரை எழுப்புவதற்கு முதல் அவர் என்ன வேலை செய்து பழகியவர் என்று கேட்க வேண்டும். பராமரிப்புப் படிப்பில் எங்களுக்கு அப்படித்தான் சொல்லித் தந்தார்கள்.

"புது வேடம் கிடைச்சால் முதல்லை என்ன பழகுவீங்கள்? வசனமோ?"

"வசனம் பிறகு. முதல்லை சப்பாத்து. சப்பாத்துப் போட்டால் நடை வரும். நடை வந்தால் ஆள் வந்திடுவான்."

சப்பாத்தை எடுத்து மாட்டிவிட்டேன். "அப்ப இண்டைக்கு ஆர் நடக்கப் போறது?"

கொஞ்சம் யோசித்தார். "பாதிரியார்."

எழுந்தார். வயிற்றில் கைகளைக் கோத்துக்கொண்டு, சின்னச் சின்ன அடி வைத்து, ஒவ்வொரு கதவுக்கும் ஆசீர்வாதம் கொடுத்தபடி நடைபாதை முடியும்வரை போனார். சிந்துஜன் பின்னால் சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு ஓடினான்.

அடுத்த நாள் நீதிபதி. பிறகு பொலிஸ்காரர். குடிகாரனுக்கு சிந்துஜன் சம்மதிக்கவில்லை. "வேண்டாம் ஹெர் பவாரினி, என்ரை வேலை போயிடும்." எல்லாவற்றிலும் திறம் உணவகப் பணியாளன்தான். கையில் வெறும் தட்டம், நேர்ப்பார்வை, நிமிர்ந்த இடுப்பு. பக்கத்து அறை அம்மையார் அவரிடம் கோப்பி கேட்டுவிட்டு, இன்னும் வரவில்லையென்று சமையலறைக்கு முறைப்பாடு சொன்னார்.

சரணியா வந்தாள். பவாரினி தட்டத்தோடு கம்பீரமாக நடந்து காட்டினார். அவள் கைதட்டினாள்.

"நல்லாயிருக்கு. ஆனால் எனக்கு இந்தப் பணியாளன் வேண்டாம். நீங்கள் நீங்களாவே நடவுங்கோ."

அவர் நின்றார். தரையைப் பார்த்தார். பழைய பார்வை திரும்பி வந்தது.

"நானாவோ? அவனை நான் ஒருநாளும் நடிச்சதில்லை."

சரணியா என்னைப் பார்த்து மெதுவாகத் தமிழில், "கஷ்டப்படுத்த வேண்டாம் அன்ரி. நான் சூக்குக்குப் போறன்," என்றாள்.

"கொஞ்சம் நில்லும் பிள்ளை," என்றேன்.

தினமும் குளிப்பாட்டி உடுப்புப் போட்டுவிடுகிற ஆளை எனக்குத் தெரியாதா? அவருக்கு முன்னால் அவராக நடந்தேன். இடது தோள் சற்றுத் தாழ்வு. நடந்தபடி காற்சட்டையை இழுத்து விடுதல். சமையலறை வாசலில் நின்று சூப் மணம் பிடித்தல். கண்ணாடியைக் கண்டால் இல்லாத முடியைத் தடவுதல். சிந்துஜன் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

பவாரினி சிரிக்கவில்லை. "மோசமான நடிப்பு. தலையைத் தடவுறது கூடிப்போச்சு."

"நீங்கள் அப்பிடித்தான் தடவுறனீங்கள்."

"பொய். நான் காட்டுறன்."

தட்டத்தை சிந்துஜனின் கையில் திணித்துவிட்டு, என்னைத் திருத்துவதற்காக நடந்தார். காற்சட்டையை இழுத்தார். சமையலறை வாசலில் நின்று மணத்தை உறிஞ்சினார். நடைபாதையின் அந்த முனைவரை போய்த் திரும்பினார். ஒருதரமும் தரையைப் பார்க்கவில்லை.

"இந்த ஆளைத்தான் நான் தேடினனான்," என்றாள் சரணியா. "வாற மாதம் லுசேர்ணுக்குக் கூட்டிக்கொண்டு வாங்கோ, அன்ரி."

அவர் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. என் முன்னால் வந்து விரலை நீட்டினார்.

"பாத்தீங்களோ? தலையை ஒருக்கால்தான் தொட்டனான்."