செபஸ்தியம்மா அழுத்தாத பொத்தான்

மீனவர் ஊரான குருநகரில் இருக்கும் செபஸ்தியம்மாவுக்கு ஐம்பத்தெட்டு வயது. மூத்த மகன் கடலுக்குப் போய்த் திரும்பாத நாளிலிருந்து அவருக்கு ஒரு பழக்கம்: கணவர் யாகப்புவின் படகு கரைக்கு வரும்வரை தலை சீவி முடியமாட்டார். விரித்த தலையோடுதான் சமைப்பார், கூட்டுவார், என்னோடும் கதைப்பார்.

நான் வினோஜா. கைபேசிச் செயலிகளைச் சாதாரண ஆட்கள் கையில் கொடுத்து, எங்கே தடுமாறுகிறார்கள் என்று பார்ப்பது என் தொழில். நான் வேலை செய்யும் கந்தோரில் ஒரு சட்டம் உண்டு: பாவிப்பவர் என்ன திணறினாலும் சோதிப்பவர் வாய் திறக்கக் கூடாது. அதில் எனக்கு ஒரு பெருமை வேறு. இப்போது நினைத்தால் என்னையே அறையலாம் போலிருக்கிறது.

அன்றைக்குக் காலை அவர் வீட்டில் சோதித்தது மீனவர் குடும்பங்களுக்கான செயலி. படகோடு தொடர்பு அறுந்தால் வீட்டுக்குத் தகவல் வரும். சிவப்புப் பொத்தானை அழுத்தினால் மீட்புக்காரருக்கு அறிவிப்புப் போகும். ஆட்கள் ஊன்றிப் பார்க்க வேண்டுமென்று நான் ஒரு கெட்டித்தனம் செய்திருந்தேன். மாதிரிப் பெயருக்குப் பதிலாக அவர் கணவரின் பெயரையே போட்டிருந்தேன். இது சோதனை என்று தொடக்கத்தில் சொன்னதுதான். ஆனால் யாகப்பு உண்மையாகவே கடலில் நிற்க, காற்று எழும்பிய நேரத்தில் திரையில் வந்தது: 'யாகப்புவின் படகுடன் தொடர்பு இல்லை.'

எழுத்துக்கூட்டி வாசித்தவர் பொத்தானைத் தொடவில்லை.

"பிள்ளை, இதென்ன?" என்று என் முகத்தைப் பார்த்தார்.

நான் சட்டப்படி பேசாமல் இருந்தேன். 'தயங்குகிறார், நாற்பது விநாடி' என்று கொப்பியில் எழுதினேன். அந்த மௌனமே அவருக்குச் சாவுச் செய்தியாகிவிட்டது. கைபேசியைப் போட்டுவிட்டு வெளியே ஓடினார்.

"ஐயோ, என்ரை மனுசனையும் கடல் கொண்டு போட்டுது! ஓடி வாங்கோ!"

"அம்மா, பொய், இது சோதனை!" என்று கத்திக்கொண்டு பின்னால் ஓடினேன். யார் கேட்டார்கள்? அந்தக் கரையில் அப்படி ஒரு குரல் எழுந்தால் யாரும் விசாரித்துக்கொண்டு நிற்பதில்லை. நான் துறையை அடைவதற்குள் யாகப்புவைத் தேடி நான்கு படகுகள் போய்விட்டன.

அதன் பிறகுதான் எனக்கு உண்மையான பயம் வந்தது. எதிரே மண்டைதீவுப் பக்கம் மழை இருட்டியது. போனவர்கள் ஏழு பேர். அவசரத்தில் போன்களைக் கரையிலேயே விட்டிருந்தார்கள். யாகப்புவுக்குப் போன் எடுத்தாலும் பதில் இல்லை. ஒருவர் திரும்பாவிட்டாலும் கொன்றது நான்தான். கரையில் நின்ற பெண்களிடம் நடந்ததைச் சொன்னேன். ஒருத்தியும் என்னை ஏசவில்லை. அது இன்னும் பயமாக இருந்தது.

பதினொன்றரைக்கு யாகப்பு ஒன்றும் அறியாமல் மீன்கூடையோடு வந்து இறங்கினார். செபஸ்தியம்மா அவர் கையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். ஆனால் தலைமயிரை இன்னும் அள்ளி முடியவில்லை. தேடிப் போன படகுகளை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டு நின்றார். இரண்டு மணிக்கு நான்காவது படகு, உள்ளே ஏறிய தண்ணீரை இறைத்தபடி வந்தது. பிறகுதான் மயிரை அள்ளி முடிந்தார்.

"மன்னிச்சுக்கொள்ளுங்கோ அம்மா. அப்பவே நான் வாய் திறந்திருக்க வேணும்" என்றேன்.

"அதை விடு பிள்ளை. நாளைக்கு அவர் உண்மையா வராட்டி, நான் திரும்பவும் கத்துவன். அப்ப உவை தேடி வருவினமோ?"

வீணாக ஓடினோம் என்று அறிந்துவிட்ட அந்த ஏழு பேரும் நனைந்தபடி, எங்களைத் திரும்பியும் பாராமல் வீட்டுக்கு நடந்துகொண்டிருந்தார்கள்.