என் கையுறை அழுக்காகாத எட்டு வருஷம்

கோல்கீப்பர் வேலை என்பது தொண்ணூறு நிமிடமும் இன்னொருத்தியின் முதுகைப் பார்த்துக்கொண்டு நிற்கிற வேலை. முன்னால் நிற்பவள் சரியாக ஆடினால் நமக்கு வேலையே இல்லை. அவள் தவறினால் திட்டு நமக்கு. மைதானத்தின் கடைசி வரிசையில் நிற்கும் தடுப்பாட்டக்காரர்களே, கோலிகளே, ஆபீசில் அடுத்தவர் தவறுக்குப் பதில் சொல்லும் கடைசி மேஜைக்காரர்களே, நான் சொல்வது உங்களுக்குப் புரியும்.

நான் எட்டு வருஷம் பார்த்த முதுகு தேசம்மாவுடையது. பழவேற்காடு ஏரியில் மீன் பிடிக்கும் குடும்பத்துப் பெண். எங்கள் பெண்கள் கால்பந்து கிளப்பில் ஸ்டாப்பராக ஆடினாள். கோலுக்கு நேர் முன்னால் நின்று எதிரணியை மறிப்பவளுக்கு ஸ்டாப்பர் என்று பெயர். ஆட்டம்தான் அவளுடைய தொழில். ஒப்பந்தம் வருஷத்துக்கு வருஷம் புதுப்பிக்க வேண்டும். எட்டாவது வருஷம் முடிந்ததும் கிளப் பெண்கள் அணியைக் கலைத்துவிட்டது. இன்னொரு கிளப் எடுத்துக்கொள்ளாவிட்டால் தேசம்மா பூட்ஸைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, கும்மிடிப்பூண்டியில் ஏதாவது கம்பெனிக்குப் போக வேண்டியதுதான். அது எப்படி முடிந்தது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன்னால், அவள் எப்படிப்பட்ட ஆட்டக்காரி என்பது உங்களுக்குத் தெரிய வேண்டும்.

ஓடாத பெண்

தேர்வு பொன்னேரியில் நடந்தது. இருபது பெண்கள் வந்திருந்தார்கள். பந்து இடது பக்கம் போனால் எல்லோரும் இடது பக்கம் ஓடினார்கள், வலது பக்கம் போனால் வலது பக்கம். நான் கோலில் நின்றதால் எனக்கு இந்த வேடிக்கை நன்றாகத் தெரிந்தது. ஒருத்தி மட்டும் நட்ட நடுவில் இடுப்பில் கை வைத்தபடி நின்றாள். அண்ணனுடைய பூட்ஸாக இருக்க வேண்டும். முன்பக்கம் துணி அடைத்திருந்தாள்.

பயிற்சியாளரை நாங்கள் மாஸ்டர் என்போம். அவர் விசிலை ஊதி ஆட்டத்தை நிறுத்தினார். "ஏம்மா, நீ ஆட வந்தியா, பஸ்ஸுக்கு நிக்கிறியா?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தோம். அதுவரை ஆடிய இருபது நிமிடத்தில் பந்து நான்கு முறை அவள் காலுக்கே வந்து சேர்ந்ததை நாங்கள் கவனிக்கவில்லை. மாஸ்டர் கவனித்திருந்தார். நோட்டில் முதல் பெயராக அவள் பெயரைத்தான் எழுதினார். அவருடைய கேள்விக்கு அவள் சொன்ன பதிலை இன்னும் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறார்: "கடைசில பந்து கோலுக்குத்தான மாஸ்டர் வரணும்? நான் இன்னாத்துக்கு அங்க போயி கும்பல்ல நின்னுகினு இருக்கணும்?"

சிம்னிப் புகை

நாங்கள் பயிற்சி செய்த மைதானம் கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் இருக்கிறது. ஒரு பக்கம் உயரமான கம்பெனிச் சுவர், மற்றப் பக்கம் கிடங்குகள். தரையில் நிற்பவருக்குக் காற்று வீசுவதே தெரியாது. பந்து சுவரைத் தாண்டி உயர்ந்தால்தான் தெரியும். உச்சிவேளைக்குப் பிறகு கடற்காற்று அதைப் பிடித்து, பத்தடி தள்ளிக் கொண்டுபோய்ப் போடும். அது எங்கே விழும் என்று தெரியாமல் வெளியூர் அணிகள் எல்லாம் அங்கே வந்து திணறும்.

தேசம்மா திணறியதில்லை. எதிரணி உயரப் பந்து அடிக்கக் காலை ஓங்கும்போதே தலையைத் தூக்கி இரும்பு ஆலையின் சிம்னியைப் பார்ப்பாள். புகை நேராக ஏறினால் இருந்த இடத்திலேயே நிற்பாள். மேற்கே சாய்ந்தால் இரண்டடி நகர்வாள், படுத்துவிட்டால் ஐந்தடி. பந்து அவள் நெற்றியைத் தேடிக்கொண்டு வந்து இறங்கும். படகில் போகிறவர்கள் காற்றைப் பார்த்துத்தான் கிளம்புவார்கள், அந்தப் பழக்கம்தான் என்று ஒருமுறை சொன்னாள். எங்கள் அணியில் கோல் அடிக்கும் நித்யாவுக்கு இதைக் கேட்டாலே பொறுக்காது. "ஊரே அந்தப் புகையில இருமிகினு கீது. இவ மட்டும் அத வச்சிப் பொழைக்கிறா பாரு!"

வேலிக்கு அந்தப் பக்கம்

முதல் ஷிஃப்ட் முடிந்ததும் கம்பெனி ஆட்கள் சாப்பாட்டுப் பையோடு வேலியோரம் நின்று எங்கள் ஆட்டத்தைப் பார்ப்பார்கள். அவர்களில் லேத் ஆப்பரேட்டர் ஒருவர் தவறாமல் வருவார். என் கோலுக்குப் பின்னால்தான் நிற்பார். தேசம்மா முன்னால் எல்லாவற்றையும் மறித்துவிடுவதால் எனக்குப் பந்தே வராது. நான் ஷூ லேஸை அவிழ்த்துக் கட்டுவேன், தண்ணீர் குடிப்பேன், கம்பத்தில் பெயின்ட் உரிந்த இடங்களை எண்ணுவேன்.

தேசம்மா திரும்பிப் பார்க்காமலேயே என்னோடு பேசிக்கொண்டிருப்பாள். "ரூபி, வலது பக்கம் ஒருத்தி வர்றா. நீ வராத, நான் பாத்துக்கிறேன்." பத்து நிமிடத்துக்கு ஒருமுறையாவது இந்த "நீ வராத" கேட்கும். ஒரு நாள் ஆப்பரேட்டர் அண்ணனால் பொறுக்க முடியவில்லை. வேலிக்கம்பியைத் தட்டி என்னைக் கூப்பிட்டார்: "இன்னாம்மா, ஒரு மணி நேரமா பாக்குறேன், உனக்கு இன்னாதான் வேலை? எங்க கம்பெனில இப்புடி நின்னா சூப்பர்வைசர் கேட்டுக்கு வெளிய கொண்டுபோயி வுட்டுடுவாரு!"

ஆயுத பூஜை

அவள் தவறே செய்யாதவள் என்று நினைத்துவிடாதீர்கள். செய்தாள், எங்கள் ஊர்க்காரி மட்டுமே செய்யக்கூடிய தவறு. விடுமுறை என்பதால் அரையிறுதியை ஆயுத பூஜை அன்று வைத்தார்கள். தொழிற்பேட்டை முழுவதும் இயந்திரங்களைத் துடைத்துப் பொட்டு வைத்து நிறுத்திவிட்டார்கள். வேலிக்கு வெளியே பொரியும் சுண்டலும் சாப்பிட்டுக்கொண்டு, வழக்கத்தைவிட மூன்று மடங்கு கூட்டம்.

கடைசி பத்து நிமிடம். இரண்டு பக்கமும் கோல் இல்லை. எதிரணி கோல்கீப்பர் பந்தை ஓங்கி அடித்தாள். தேசம்மா வழக்கம்போலச் சிம்னியைப் பார்த்தாள். புகை இல்லை, வானம் துடைத்த மாதிரி இருந்தது. நின்ற இடத்திலேயே நின்றாள். பந்து அவள் தலைக்கு மேல் ஓர் ஆள் உயரத்தில் பறந்து, எனக்கு முன்னால் ஒரு குதி குதித்து, என்னையும் தாண்டி வலைக்குள் போய்விட்டது. சாதாரண நாளில் ஐந்தடி பின்வாங்கியிருப்பாள்.

தோற்றோம். மாஸ்டர் என்னைத்தான் திட்ட ஆரம்பித்தார். கோலை விட்டு ஏன் முன்னால் வந்தாய் என்று கேட்டார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். தேசம்மா நடுவில் வந்து நின்றாள். மைதானத்தில் எனக்கு முன்னால் நிற்பதுபோலவே நின்றாள். "அவள இன்னாத்துக்கு பேசறீங்க மாஸ்டர்? தப்பு என்னுது. ஆலைய நிறுத்துனா காத்தும் நின்னுடும்னு நெனச்சிகினு நின்ன முட்டாளு நானு."

நான்கு தையல்

ஒரு ஆட்டத்தில் கார்னர் பந்தைத் தட்டப் போய் எதிரணிப் பெண்ணின் முழங்கை பட்டு, தேசம்மாவின் புருவம் கிழிந்தது. ஜெர்ஸியோடேயே ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். நர்ஸ் என்னை வெளியே நிற்கச் சொல்லிவிட்டு, கதவை ஒருக்களித்துக்கொண்டு தணிந்த குரலில் அவளிடம், "புருஷன் அடிச்சானா? பயப்படாம சொல்லும்மா" என்று விசாரித்தது என் காதில் விழுந்தது. "புருஷனே இல்லக்கா. கார்னர் கிக்" என்றாள் இவள். நர்ஸ் நான்கு தையல் போட்டு முடித்தார். பிறகு கத்தரியை வைத்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "இவ்ளோ ரத்தம் வுட்டியே, கோல் போச்சா, தடுத்தியா? அத மொதல்ல சொல்லு!"

பள்ளிப்பட்டுப் பெண்

ஒரு வருஷம் லீகில் அதிக கோல் அடித்தவள் ஆந்திர எல்லையோரம் பள்ளிப்பட்டிலிருந்து வந்த ஒரு பெண். பந்தோடு அவள் ஓடினால் முயலால்கூடப் பிடிக்க முடியாது. எங்களோடு ஆட வந்தபோது நான் முந்தின நாளே கையுறையைத் துவைத்துக் காயவைத்துத் தயாராக இருந்தேன்.

துவைத்தது துவைத்தபடியே இருந்தது. தேசம்மா அவளைத் தள்ளவில்லை, சட்டையைப் பிடிக்கவில்லை, ஒரு முறைகூட ரெஃப்ரி விசில் ஊதவில்லை. அந்தப் பெண் எந்த இடத்துக்கு ஓட நினைத்தாளோ அந்த இடத்தில் தேசம்மா முன்பே இருந்தாள். சினிமா கொட்டகையில் நம் சீட்டில் வேறு யாரோ உட்கார்ந்திருப்பதுபோல அந்தப் பெண் ஒவ்வொரு முறையும் விழித்தாள். ஆட்டம் முடிந்தபின் குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தோம். அவள் பக்கத்தில் நின்று அப்பாவோடு போனில் பேசிக்கொண்டிருந்தாள். அழவில்லை. ஆனால் குரல் உடைந்திருந்தது. "நைனா, எத்தினி கோல்னு கேக்காத நைனா. பந்து இன்னா கலர்னு கேளு, அதுகூட எனக்குத் தெரியாது."

ஸ்டுடியோ அண்ணன்

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். அணியைக் கலைத்த பிறகு தேசம்மா ஐந்து கிளப்புகளுக்கு எழுதினாள். ஐந்து பேரும் ஒரே பதில் அனுப்பினார்கள்: நேரில் வந்து பார்க்க நேரம் இல்லை, உங்கள் ஆட்டத்தின் சிறந்த தருணங்களை மூன்று நிமிட வீடியோவாக அனுப்புங்கள். நித்யா தன் கோல்களை எடுத்து ஒட்டி அனுப்பினாள். ஒரே வாரத்தில் இடம் கிடைத்துவிட்டது.

மாஸ்டர் எல்லா ஆட்டங்களையும் போனில் படம் பிடித்து வைத்திருந்தார். அதை எடுத்துக்கொண்டு பொன்னேரியில் கல்யாண வீடியோ செய்யும் ஸ்டுடியோவுக்குப் போனோம். ஸ்டுடியோ அண்ணன் பொறுமையானவர். மத்தியானம் முழுவதும் உட்கார்ந்து ஓட்டிப் பார்த்தார். பாய்ந்து காலைப் போட்டுத் தடுப்பது, கோல் கோட்டில் விழுந்து காப்பாற்றுவது என்று ஏதாவது தேடினார். அப்படியெல்லாம் விழுந்து காப்பாற்றும் நிலைமை வராமல் பார்த்துக்கொள்வதுதானே அவளுடைய ஆட்டம்! எட்டு வருஷத்தில் நாற்பது நொடிதான் தேறியது. அதிலும் பாதி, நெற்றியில் ரத்தத்தோடு அவள் வெளியே நடந்துபோவது.

தேசம்மா எழுந்துவிட்டாள். அக்கா வீட்டுக்காரர் சொல்லிவைத்த கம்பெனியில் திங்கட்கிழமை சேரச் சொல்லியிருந்தார்கள். அன்று வெள்ளி. "வுடு ரூபி, யூனிஃபார்ம் வாங்கப் போவணும்" என்று செருப்பை மாட்டினாள். ஸ்டுடியோ அண்ணனுக்கு உண்மையிலேயே வருத்தம். திரையைப் பார்த்துத் தலையை ஆட்டினார். "நான் இன்னாம்மா பண்றது? மண்டபம் கீது, மேளம் கீது, கூட்டம் கீது. தாலி கட்டுறதுதான் எதுலயும் காணோம்!"

மூன்று நிமிடம்

அவள் போன பிறகு நான் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். பள்ளிப்பட்டுப் பெண்ணோடு ஆடிய ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது. மூலையில் நான் தெரிந்தேன். லேஸ் கட்டிக்கொண்டிருந்தேன். "உனக்கு இன்னாதான் வேலை?" என்று லேத் ஆப்பரேட்டர் அண்ணன் கேட்டது நினைவுக்கு வந்தது. "அண்ணே, எதையும் வெட்டாதீங்க. இங்கேருந்து மூணு நிமிஷம் அப்படியே குடுங்க" என்றேன். லீகிலேயே அதிக கோல் அடித்தவள் மூன்று முறை எங்கள் கோலை நோக்கி வருகிறாள், மூன்று முறையும் பந்து இல்லாத காலோடு திரும்புகிறாள். கோல்கீப்பர் இரண்டு முறை தண்ணீர் குடிக்கிறாள், ஒருமுறை கொட்டாவி விடுகிறாள். கொட்டாவியை மட்டும் எடுத்துவிடலாமா என்று அண்ணன் கேட்டார். அதுதான் முக்கியம் என்றேன். தேசம்மாவிடம் சொல்லாமல் ஐந்து கிளப்புக்கும் அன்றைக்கே அனுப்பினேன்.

சனிக்கிழமை ஒன்றும் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலை அவள் வீட்டில் நாஷ்டா சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். புது யூனிஃபார்ம் மடித்து டிவிமேல் இருந்தது. நான் செய்ததை எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே அவள் போன் அடித்தது. இட்லிக் கையோடு ஸ்பீக்கரில் போட்டாள். வெளி மாநில கிளப் ஒன்றின் பயிற்சியாளர், பெண்மணி, நன்றாகத் தமிழ் பேசினார். "உங்க வீடியோ பார்த்தேன். எதிரணி பந்து அடிக்கறதுக்கு முன்னாடி ஒவ்வொரு தடவையும் மேலே எதைப் பார்க்கறீங்க?" என்றார். தேசம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. என்னைப் பார்த்தாள். நான் என் தட்டைப் பார்த்தேன். "சிம்னி மேடம். காத்து தெரியும்" என்றாள். "எங்க மைதானத்துல சிம்னி கிடையாதே?" "தென்னமரம் இருக்கும்ல மேடம்?"

எதிர்ப்புறம் சிரிப்புச் சத்தம் கேட்டது. பிறகு, வியாழக்கிழமை வந்து சேர முடியுமா, இரண்டு வருஷ ஒப்பந்தம் என்றார்.  தேசம்மா இடது கையால் கண்ணைத் துடைத்தாள். அதன்பின் அவள் செய்த காரியம்தான் அவள். தனக்கு என்ன கொடுப்பார்கள் என்று கேட்கவில்லை. "எங்க கோலியும் நல்லா ஆடுவா மேடம், அவளுக்கும் ஒரு எடம் இருக்குமா?" என்று கேட்டாள். அந்த அம்மாள் மிகவும் நேர்மையாகப் பதில் சொன்னார்: "அந்த வீடியோவுல உங்களை எடுத்துக்க வச்சதே அவங்கதான். ஆனா அவங்க பந்து பிடிப்பாங்களா மாட்டாங்களான்னு நீங்க எங்களுக்குக் காட்டவே இல்லையே!"

தேசம்மா இப்போது தென்னைமரங்களைப் பார்த்து ஆடிக்கொண்டிருக்கிறாள். நானோ ஞாயிற்றுக்கிழமைகளில் பொழுதுபோக்காக ஆடும் ஓர் அணியில் மூன்று மாதத்தில் இரண்டு ஜோடி கையுறையைக் கிழித்துவிட்டு, கோல்கீப்பருக்கும் வேலை உண்டு என்பதை எட்டு வருஷம் தாமதமாகக் கற்றுக்கொண்டிருக்கிறேன்.